ஒரு மூடியின் கதை

போன வருடம் அமெரிக்காவிலிருந்து என் பெரியம்மா மகள் ஊருக்கு வந்திருந்தாள். சாக்லேட், ஷாம்பு எல்லாம் கொடுத்து முடித்த பிறகு, பெட்டியின் அடியிலிருந்து பழைய டவலில் சுற்றிய ஒரு கண்ணாடி ஜாடியை எடுத்தாள். பக்கத்து வீட்டு அம்மா ஒருவர் தன் தோட்டத்துக் காய்களில் செய்து கொடுத்த ரெலிஷாம். பச்சைத் தக்காளி, முட்டைக்கோஸ், குடைமிளகாய், வெங்காயம் எல்லாவற்றையும் பொடிப்பொடியாக நறுக்கி வினிகர், சர்க்கரை, மசாலா சேர்த்துக் கொதிக்க வைத்தது. நம் கண்ணுக்கு அது ஊறுகாயும் இல்லை, தொக்கும் இல்லை, சட்னியும் இல்லை. மூன்றுக்கும் ஒன்றுவிட்ட சொந்தம் என்று வைத்துக்கொள்ளலாம்.

அம்மா அந்த ஜாடியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "மேல எண்ணெயே நிக்கல. வெயில்ல வச்ச மாதிரியும் தெரியல. செஞ்சு பத்து மாசம் ஆச்சுங்கிறா. எப்படிடி கெடாம இருக்கு?"

"மூடி அப்படி, சித்தி" என்றாள் அக்கா. சொல்லிவிட்டு மூடியைத் திருகினாள். முதலில் ஒரு வளையம் மட்டும் கழன்று வந்தது. அதற்குக் கீழே தட்டையாக ஒரு தகடு ஜாடியின் வாயைப் பிடித்துக்கொண்டிருந்தது. ஸ்பூன் காம்பால் நெம்பியதும் 'டப்' என்று ஒரு சத்தம். அவ்வளவுதான்.

நான் பி.காம். படிப்பவள். எந்தப் பொருளைப் பார்த்தாலும் இதில் யார் எவ்வளவு சம்பாதித்தார்கள் என்றுதான் முதலில் தோன்றும் (படிப்பு அப்படிக் கெடுத்துவிட்டது). அந்த 'டப்'புக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள் என்று தேட ஆரம்பித்ததில் இரண்டு மாதம் ஓடிவிட்டது. தேடியதில் கிடைத்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில் ஜாடிக்குள் இருப்பது. இந்த வகை ரெலிஷுக்குப் 'பிக்கலிலி' என்று ஒரு பெயர் உண்டு. அதன் ஊர் இங்கிலாந்து. ஆனால் இங்கிலாந்துக்காரர்கள் அதைச் செய்யப் பார்த்தது நம் ஊறுகாயைப் பார்த்து! கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பல்களில் மாங்காய் ஊறுகாய் ஜாடி ஜாடியாக லண்டன் போய்ச் சேர்ந்தது. சாப்பிட்டவர்களுக்கு ருசி பிடித்துவிட்டது. ஆனால் அங்கே மாங்காயும் கிடையாது, ஊறுகாய் காய வைக்கிற வெயிலும் கிடையாது. அதனால் முட்டைக்கோஸ், காலிபிளவர், வெள்ளரி என்று கைக்குக் கிடைத்த காயை எடுத்து, இஞ்சி, பூண்டு, கடுகு, மஞ்சள் போட்டு, வினிகரில் ஊற வைத்தார்கள். ஹன்னா கிளாஸ் என்ற பெண்மணி எழுதிய புகழ்பெற்ற சமையல் புத்தகத்தின் 1758-ம் வருடப் பதிப்பில் இந்த 'இந்திய ஊறுகாய்'க்குச் செய்முறை இருக்கிறது. நம் வெயில் செய்த வேலையை அங்கே வினிகர் செய்தது.

இதில் ஒரு வேடிக்கை. மாங்காய் ஊறுகாய் மாதிரி எதைச் செய்தாலும் ஆங்கிலத்தில் அதை 'மேங்கோ' என்றே சொல்லப் பழகினார்கள். குடைமிளகாயைக் குடைந்து உள்ளே மசாலா அடைத்து ஊறப் போட்டால் அதுவும் மேங்கோ. அந்தப் பழக்கம் கப்பலேறி அமெரிக்கா போய், ஒஹையோ, பென்சில்வேனியா பக்கத்துப் பெரியவர்கள் சிலர் குடைமிளகாய்க்கே 'மேங்கோ' என்று பெயர் சொல்லுகிற அளவுக்கு ஊறிவிட்டது. மேங்கோ என்ற சொல்லோ, நம் மாங்காயிலிருந்தோ மலையாளத்து மாங்ஙாவிலிருந்தோ போர்த்துகீசியர் எடுத்துப் போனது. ஆக ஒஹையோக்காரர் குடைமிளகாயைக் காட்டி மாங்காய் என்கிறார். தப்பு அவர் மேல் இல்லை.

சரி, மூடிக்கு வருவோம்.

உணவைச் சூடாக்கிக் காற்றுப் புகாமல் அடைத்தால் கெடாது என்று கண்டுபிடித்தவர் நிக்கோலா அப்பேர், பிரெஞ்சுக்காரர். பாரிஸில் மிட்டாய்க்கடை வைத்திருந்தவர். காய், பால், சூப் என்று கண்டதையும் கண்ணாடிப் பாட்டிலில் போட்டு, கார்க் அடித்து, கம்பி கட்டி, கொதிநீரில் வைத்து வைத்துப் பார்த்தார். ஏறத்தாழ பதினைந்து வருடம் இதே வேலை. 1810-ல் பிரெஞ்சு அரசாங்கம் அவருக்கு 12,000 ஃபிராங்க் கொடுத்தது. நெப்போலியனே கையால் கொடுத்தார் என்று பல இடங்களில் எழுதியிருக்கிறார்கள். உண்மையில் கொடுத்தது உள்துறை அமைச்சகம், அதுவும் ஒரு நிபந்தனையோடு: ரகசியத்தைப் புத்தகமாகப் போட்டு ஊருக்குச் சொல்லிவிட வேண்டும். அவரும் சொன்னார். அதே வருடம் இங்கிலாந்தில் பீட்டர் டியூரண்ட் என்பவர் தகர டப்பாவையும் சேர்த்துக் காப்புரிமை வாங்கிவிட்டார்! 1814-ல் படையெடுத்து வந்தவர்கள் அப்பேரின் தொழிற்சாலையை நாசமாக்கினார்கள். 1841-ல் அவர் ஏழையாகவே செத்துப்போனார்.

கவனிக்க வேண்டிய விஷயம், ஏன் கெடவில்லை என்று அப்பேருக்குத் தெரியாது. காற்றில் இருக்கிற ஆக்சிஜன்தான் காரணம் என்று அந்தக் காலத்துப் பெரிய விஞ்ஞானி கே-லூசாக் சொன்னார், எல்லோரும் தலையாட்டினார்கள். உண்மைக் காரணம் கிருமிகள் என்று லூயி பாஸ்டர் நிரூபித்தது 1860-களில். அதற்குள் ஐம்பது வருடமாக ஜனங்கள் டப்பா உணவு சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். (டப்பா திறக்கிற கருவிக்கு முதல் காப்புரிமையே 1850-களில்தான். அதுவரை உளியும் சுத்தியலும்!)

வீட்டுப் பெண்களுக்குத் தகர டப்பா உதவாது, அதை ஈயம் வைத்துப் பற்ற வேண்டும். அவர்களிடம் இருந்தது கண்ணாடி ஜாடியும் அரக்கும். மூடியின் விளிம்பில் அரக்கை உருக்கி ஊற்ற வேண்டும். கொஞ்சம் விரிசல் விட்டாலும் மொத்தமும் போச்சு. இந்த இடத்தில்தான் ஜான் லாண்டிஸ் மேசன் வருகிறார். நியூ ஜெர்சியைச் சேர்ந்த தகர வேலைக்காரர். 1858 நவம்பர் 30-ம் தேதி அவருக்குக் காப்புரிமை கிடைத்தபோது வயது 26. ஜாடியின் கழுத்திலேயே மரை வைத்து வார்ப்பது, அதில் துத்தநாக மூடியைத் திருகுவது. நடுவே ஒரு ரப்பர் வளையம் வந்து சேர்ந்தது. படிப்பில்லாத யோசனை மாதிரி தெரியும். ஆனால் அரக்கு இல்லாமல், கொல்லன் இல்லாமல், ஒரு பெண் தன் கையாலேயே மூடித் திறந்து, கழுவி, மறு வருடமும் பயன்படுத்தக்கூடிய ஜாடி அதுதான்.

மேசனுக்கு என்ன கிடைத்தது? உரிமையைக் கொஞ்சம் கொஞ்சமாக விற்றார். பெரும்பகுதி ஒரு கம்பெனியின் கைக்குப் போனது. காப்புரிமைக் காலம் முடிந்ததும் ஆளாளுக்கு அதே ஜாடியைச் செய்தார்கள். செய்தவர்களில் பலர் 'மேசனின் காப்புரிமை, நவம்பர் 30, 1858' என்ற எழுத்தைக் கண்ணாடியிலேயே புடைப்பாக வார்த்தும் விட்டார்கள். அது தர முத்திரை மாதிரி ஆகிவிட்டது. லட்சக்கணக்கான வீட்டு அலமாரிகளில் அந்தப் பெயர். பெயருக்குரியவர் 1902-ல் நியூயார்க்கில் வறுமையில் இறந்தார். வகுப்பில் காப்புரிமை பற்றி நடத்தும்போது ஆசிரியர்கள் எடிசனைச் சொல்வார்கள். மேசனையும் சொல்ல வேண்டும் என்பது என் கட்சி.

சம்பாதித்தவர்கள் பால் சகோதரர்கள், ஐந்து பேர். மாமாவிடமோ சித்தப்பாவிடமோ வாங்கிய 200 டாலர் கடனில் 1880-ல் பஃபலோ நகரத்தில் தகர டப்பாத் தொழில் தொடங்கியவர்கள். பிறகு கண்ணாடிக்கு மாறினார்கள். 1886-ல் தொழிற்சாலை தீப்பிடித்தது. கண்ணாடி உருக்க எரிபொருள் ஏராளமாக வேண்டும். இண்டியானா மாநிலத்தின் மன்சி நகரத்தில் அப்போதுதான் இயற்கை எரிவாயு கிடைத்திருந்தது. 'எங்கள் ஊருக்கு வாருங்கள், எரிவாயு இலவசம், நிலம் இலவசம், கையில் 5,000 டாலரும் தருகிறோம்' என்று ஊர்க்காரர்கள் கூப்பிட, 1887-ல் அங்கே போனார்கள். மாநில அரசுகள் கார் தொழிற்சாலைகளை இன்று கூப்பிடுகிற அதே கதைதான்! எரிவாயு இருபது வருடத்துக்குள் தீர்ந்தது. பால் சகோதரர்கள் மட்டும் நிலைத்தார்கள். அந்த ஊரில் அவர்கள் பெயரில் ஒரு பல்கலைக்கழகமே இருக்கிறது.

ரெலிஷுக்கு என்று ஒரு தொல்லை இருந்தது. வினிகர் துத்தநாகத்தை அரிக்கும். பழத்துக்கு ஓரளவு சரிப்பட்ட மூடி புளிப்புக்குச் சரிப்படவில்லை, உலோக வாடை இறங்கிவிடும். நம் வீட்டில் ஊறுகாயைப் பீங்கான் ஜாடியை விட்டு வேறு எதிலும் போட விடமாட்டார்களே, அதே காரணம். 1869-ல் லூயிஸ் பாய்ட் என்பவர் மூடிக்கு உள்பக்கம் வெள்ளைக் கண்ணாடித் தட்டு ஒன்றைப் பதித்துக் காப்புரிமை வாங்கினார். அந்தத் தட்டு வந்த பிறகு ஊறுகாய்க்கும் ரெலிஷுக்கும் அந்த மூடியை நம்பிப் போட முடிந்தது.

அக்கா திறந்து காட்டிய இரட்டை மூடி 1915-ல் கெர் கம்பெனி கொண்டுவந்தது. ஒரு வளையம், ஒரு தகடு. தகட்டின் ஓரத்தில் ரப்பர் மாதிரி ஒரு பூச்சு. ஜாடியைக் கொதிநீரில் வைக்கும்போது உள்ளே இருக்கும் காற்று விரிந்து வெளியேறும். ஆறும்போது உள்ளே நீராவி சுருங்கும். வெளிக்காற்று தகட்டை அமுக்கும். நடுவில் லேசான பள்ளம் விழும். பள்ளம் இருந்தால் நல்ல ஜாடி, மேலே உப்பியிருந்தால் தொடாதே. எழுதப் படிக்கத் தெரியாதவரும் விரலால் தொட்டுத் தெரிந்துகொள்ளலாம். ஆனால் தகட்டை ஒருமுறைதான் பயன்படுத்த வேண்டும். ஜாடி பாட்டி காலத்துக்கும் உழைக்கும், வளையமும் உழைக்கும், தகடு மட்டும் வருடா வருடம் புதிதாக வாங்க வேண்டும். பிரிண்டரை மலிவாக விற்று மையில் காசு பார்க்கிறார்களே, அது என் தாத்தா பிறப்பதற்கு முன்பே வந்துவிட்ட யோசனை.

இப்போது நான் இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்த உண்மையான காரணத்துக்கு வருகிறேன்.

1895 டிசம்பரில் பெல்ஜியத்தில் எலெசெல் என்ற கிராமத்தில் ஒரு சாவு வீடு. வாசிக்க வந்த இசைக்குழுவினர் உப்பிட்ட பன்றித்தொடை சாப்பிட்டார்கள். பலருக்குக் கண் மங்கியது, பேச்சு குழறியது, விழுங்க முடியவில்லை. மூன்று பேர் இறந்தார்கள். வான் எர்மென்கெம் என்ற பேராசிரியர் அந்த இறைச்சியிலிருந்து ஒரு கிருமியைப் பிரித்தெடுத்தார். பாட்டுலிசம் என்ற விஷநோயைக் கொண்டுவருவது அதுதான். அந்தக் கிருமியின் குணம், காற்று இருந்தால் வளராது. காற்றில்லாத இடம்தான் அதற்கு வீடு. அதன் விதை போன்ற சிதல்கள் 100 டிகிரி கொதிநீரில் மணிக்கணக்கில் தாக்குப்பிடிக்கும்.

யோசித்துப் பாருங்கள். காற்றை வெளியே தள்ளுவதற்குத்தானே அப்பேர் முதல் மேசன் வரை எல்லோரும் பாடுபட்டார்கள்? மூடி சரியில்லை என்றால் பூஞ்சை பிடிக்கும், கண்ணுக்குத் தெரியும், தூக்கிப் போடுவோம். மூடி மிகச் சரியாக வேலை செய்தால்தான் இந்தக் கிருமி உள்ளே நிம்மதியாக வளரும். பல சமயம் நிறமும் மாறாது, நாற்றமும் வராது. பீன்ஸ், சோளம், பட்டாணி போன்ற புளிப்பில்லாத காய்களை வெறும் கொதிநீரில் வைத்து அடைத்த வீடுகள் அத்தனையும் தெரியாமலே இந்தச் சூதாட்டத்தை ஆடிக்கொண்டிருந்தன. அந்தக் காய்களுக்கு அழுத்தத்தில் சூடாக்கும் பாத்திரம்தான் வேண்டும் என்று அமெரிக்க வேளாண் துறை 1917-ல் சொல்லிவிட்டது. ஆனால் அந்தப் பாத்திரத்துக்குக் காசு வேண்டும். அம்மா செய்த முறை இருக்கிறது, இத்தனை வருடம் ஒன்றும் ஆகவில்லை, எதற்கு வீண் செலவு? 1924 பிப்ரவரியில் ஒரெகான் மாநிலத்து ஆல்பனியில் ஒரு குடும்பம் உறவினர்களோடு உட்கார்ந்து சாப்பிட்டது. வீட்டில் அடைத்த பீன்ஸ். 12 பேர் இறந்தார்கள்.

இதைப் படித்த அன்று எனக்கு ராத்திரி சோறு இறங்கவில்லை. தவறு என்று சொல்ல அங்கே யாரும் எதையும் செய்யவில்லையே! சிக்கனமாக, சுத்தமாக, பொறுப்பாக இருந்தார்கள்.

ரெலிஷ் மட்டும் எப்படித் தப்பித்தது? வினிகரால். பி.எச். அளவு 4.6-க்குக் கீழே இருந்தால் அந்தக் கிருமி வளராது, விஷமும் உண்டாகாது. புளிப்பு ஏறிய காய்க்குக் கொதிநீரே போதும். இந்தக் கணக்கு தெரியாத 1758-லேயே வினிகர் ஊற்றினார்கள், ருசிக்காகவும் மாங்காய் ஞாபகத்துக்காகவும். அது உயிரையும் காப்பாற்றிக்கொண்டிருந்தது. அதனால்தான் இன்றைய செய்முறைகளில் ஒரு கண்டிப்பு: வினிகர் 5 சதவீத அமிலம் உள்ளதாக இருக்க வேண்டும், அளவைக் குறைக்கக் கூடாது. புளிப்புத் தாங்கவில்லை என்றால் சர்க்கரையைக் கூட்டிக்கொள். வேளாண் துறையின் பிக்கலிலியில் பச்சைத் தக்காளி 6 கப், முட்டைக்கோஸ் ஏழரை கப், இரண்டு நிறக் குடைமிளகாய் மூன்று கப், வெங்காயம் இரண்டேகால் கப். இதற்கு வினிகர் நாலரை கப். காயை உப்பு போட்ட சுடுநீரில் 12 மணி நேரம் ஊற வைத்து, துணியில் கட்டிப் பிழிந்துவிட்டுத்தான் வினிகரில் போட வேண்டும். காயில் தண்ணீர் இருந்தால் வினிகர் நீர்த்துப்போகும். இன்னொன்று, மலையில் இருப்பவர்கள் கொதிநீரில் வைக்கும் நேரத்தைக் கூட்ட வேண்டும். நம் ஊட்டியில் தண்ணீர் சுமார் 93 டிகிரியிலேயே கொதித்துவிடும், அந்தச் சூடு போதாது.

காசு விஷயம் ஒன்றைச் சொல்லாமல் விட்டால் துறைக்குத் துரோகம். 1910-ல் தெற்குக் கரோலினாவின் ஏய்க்கன் பகுதியில் மேரி குரோமர் என்ற பள்ளி ஆசிரியை சிறுமிகளைச் சேர்த்துத் தக்காளிச் சங்கம் ஆரம்பித்தார். பையன்களுக்குச் சோளச் சங்கம் இருந்தது, பெண்களுக்கு ஒன்றும் இல்லை என்பதுதான் அவர் கோபம். ஆளுக்குப் பத்தில் ஒரு ஏக்கர். தானே பயிரிட்டு, தானே அடைத்து, தானே விற்று, வரவு செலவுக் கணக்கும் தானே எழுத வேண்டும். கிராமத்துப் பெண்பிள்ளைகள் பலர் கையில் முதல் சொந்தக் காசு அப்படித்தான் வந்தது.

பிறகு யுத்தங்கள். 1918-ல் ஒரு அமெரிக்கச் சுவரொட்டியில் தக்காளி ஜாடி, பட்டாணி ஜாடிக்குப் பக்கத்தில் ஜெர்மன் மன்னர் கெய்சரையும் ஜாடிக்குள் அடைத்து வரைந்திருப்பார்கள்! இரண்டாம் உலகப் போரில் விளையாட்டு நின்றது. 1942-ல் சர்க்கரைக்கு ரேஷன் வந்தது, வீட்டில் பழம் அடைப்பவர்களுக்கு மட்டும் கூடுதல் சர்க்கரை. துத்தநாகமும் ரப்பரும் போர்க்களத்துக்குப் போயின. ஜாடியின் ரப்பர் வளையம் இருக்கிறதே, அந்த ரப்பர் அதுவரை பெரும்பாலும் தென்கிழக்கு ஆசியாவிலிருந்து, முக்கியமாக மலாயாவிலிருந்து வந்துகொண்டிருந்தது. மலாயாத் தோட்டங்களில் பால்மரம் வெட்டியவர்களில் பெரும் பங்கு தமிழர்கள். ஜப்பான் மலாயாவைப் பிடித்ததும் அமெரிக்க இல்லத்தரசிக்கு வளையம் தட்டுப்பாடு. தோட்டத்துத் தமிழர்களுக்கு வேலை போயிற்று. அவர்களில் பல்லாயிரம் பேரைச் சயாம்–பர்மா ரயில் பாதை போட இழுத்துக்கொண்டு போனார்கள். ஏராளமானோர் திரும்பி வரவில்லை. வீட்டு ஜாடி பற்றிய அமெரிக்க எழுத்தில் ரப்பர் தட்டுப்பாடு பற்றி ஒரு வரி வரும். நான் படித்தவற்றில் அடுத்த வரி வரவேயில்லை.

மூடி இல்லாவிட்டால் என்ன ஆகும் என்று 1975-ல் மறுபடி தெரிந்தது. முந்தைய இரண்டு வருட விலைவாசி ஏற்றத்தில் ஜனங்கள் தோட்டம் போட ஆரம்பித்திருந்தார்கள். காய் குவிந்தது, வீட்டில் ஜாடியும் இருந்தது, தகடு மட்டும் கடையில் இல்லை. மூடிக்காகவே முழு ஜாடிப் பெட்டி வாங்கினார்கள். பதுக்கலா, கம்பெனிகளின் சதியா என்று அமெரிக்க நாடாளுமன்றக் குழு விசாரணை நடத்துகிற அளவுக்குப் போனது. 2020-ல் கொரோனா சமயத்தில் அப்படியே திரும்ப நடந்தது.

இவ்வளவும் படித்துவிட்டு நான் சும்மா இருப்பேனா? பழைய ஜாம் பாட்டிலில் காலிபிளவர், கேரட் வைத்து முயற்சி செய்தேன். முதல் பாட்டில் கொதிக்கும்போதே அடியில் 'டக்' என்று விட்டுவிட்டது. அண்டாவின் அடியில் துணியாவது தட்டாவது போட்டு அதன்மேல் பாட்டிலை வைக்க வேண்டும் என்று எல்லாச் செய்முறையிலும் இருக்கிறது, நான்தான் அந்த வரியைத் தாண்டிப் படித்திருக்கிறேன். இரண்டாவது நன்றாக வந்தது. அலமாரியில் வைக்கப் போகிற நேரத்தில் வினிகர் பாட்டிலைத் திருப்பிப் பார்த்தேன். 4 சதவீதம் என்று போட்டிருந்தது. பேசாமல் ஃபிரிட்ஜில் வைத்துப் பத்து நாளில் தீர்த்துவிட்டோம். அப்பா தயிர்சாதத்துக்கு ஆகாது என்றார், தம்பி பிரெட்டில் தடவியே முக்கால் பாட்டில் காலி செய்தான்.

அக்கா கொடுத்த ஜாடியில் இப்போது புளி இருக்கிறது. தகட்டைத் தூக்கிப் போட்டுவிடலாம், மறுபடி அது பிடிக்காது என்று அவள் கிளம்பும்போதே சொல்லிவிட்டுப் போனாள். அம்மா கேட்கவில்லை. "ஒரு பொத்தல் இல்ல, துரு இல்ல, இதையா தூக்கிப் போடச் சொல்றா?" கழுவித் துடைத்து அதையே போட்டு மூடியிருக்கிறாள். விரலால் அழுத்தினால் 'டிக்' என்று உள்ளே போய், எடுத்ததும் மேலே வந்துவிடுகிறது.